ஆளைத் தேடுமுன் சங்கத்தைக் கட்டுங்கள்
புத்தளம் மாவட்டப் பாலாவி மக்களுக்கு லண்டனிலிருந்து ஒரு திறந்த மடல்

அன்புள்ள பாலாவி மக்களுக்கு,

 

அடுத்த தேர்தலில் நம் ஊரிலிருந்து ஒருவரை நிறுத்த வேண்டும், அதற்கு லண்டனில் இருக்கும் பிள்ளைகள் கைகொடுக்க வேண்டும் என்று நண்பர்கள் சிலர் செய்தி அனுப்பியிருந்தீர்கள். கூடவே ஒரு படமும் வந்தது. 2024 ஜூலையில் ஸ்ட்ராட்ஃபோர்ட் அன்ட் போ தொகுதியில் வென்று பிரித்தானியப் பாராளுமன்றத்துக்குப் போன உமா குமரனின் படம். இலங்கைத் தமிழ்ப் பெற்றோரின் மகள் அவர். "வெள்ளைக்காரன் நாட்டிலேயே நம்மாள் எம்.பி. ஆகலாம் என்றால் நாங்கள் மட்டும் ஏன் இப்படியே இருக்க வேணும்?" என்று ஒரு தம்பி கேட்டிருந்தார். நியாயமான கேள்வி. வட்ஸ்அப்பில் இரண்டு வரியில் பதில் போட்டால், காசு தர மனமில்லாமல் சாக்குச் சொல்கிறான் என்று ஆகிவிடும். அதனால்தான் எல்லோரும் படிக்கும்படி எழுதுகிறேன்.

பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஆளைத் தேடுமுன் சங்கத்தைக் கட்டுங்கள். சங்கம் இல்லாத ஊரிலிருந்து பாராளுமன்றம் போகிறவர், வென்ற மறுநாளிலிருந்து யாருக்கும் கணக்குக் காட்ட வேண்டியதில்லை. எவ்வளவு நல்லவராக இருந்தாலும் அவரைப் பிடித்து நிறுத்தக் கயிறு இருக்காது. இதற்கு நான் வேலை செய்யும் பகுதியின் பழைய கதையையே சாட்சிக்குக் கூப்பிடுகிறேன்.

நான் தென் லண்டனில் பஸ் ஓட்டுவது உங்களில் பலருக்குத் தெரியும். போகிற வழியில் பாட்டர்சீ என்று ஓர் இடம். தேம்ஸ் ஆற்றங்கரையில் நான்கு வெள்ளைப் புகைபோக்கிகளோடு பழைய மின்நிலையம் ஒன்று நிற்கிறது. நம் நுரைச்சோலை மின்நிலையம் போல அதுவும் நிலக்கரியில்தான் ஓடியது. 1983இல் மூடினார்கள், 2022இல் கடைத்தொகுதியாகத் திறந்தார்கள். இன்று அதைச் சுற்றியுள்ள வீடுகளின் விலை நம் போன்றவர்களுக்கு எட்டாது. நூறு வருடத்துக்கு முன் அது ரயில் பட்டறை, காஸ் ஆலை, மெழுகுவர்த்தி ஆலை என்று உழைப்பாளிகள் நெருக்கியடித்து வாழ்ந்த பேட்டை. அந்தப் பேட்டை தொழிற்சங்கக்காரர் இருவரைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பியது. இருவரும் ஒரே வாசலால் உள்ளே போனார்கள், வெளியே வந்த வழி வேறு.

முதலாமவர் ஜோன் பேர்ன்ஸ். இயந்திரத் தொழிலாளி. 1889இல் லண்டன் துறைமுகத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தை முன்னின்று நடத்தியவர்களில் ஒருவர். மணித்தியாலத்துக்கு ஆறு பென்ஸ் கூலி என்பது கோரிக்கை. நம் மலையகத் தேயிலைப் பெட்டிகள் இறங்கியதும் அந்தத் துறைமுகத்தில்தான். வேலைநிறுத்தம் வென்றது, பேர்ன்ஸ் நாடறிந்தவரானார், 1892இல் பாட்டர்சீ அவரை எம்.பி. ஆக்கியது. அந்தக் காலத்தில் பிரித்தானிய எம்.பி.க்குச் சம்பளம் கிடையாது. 1911இல்தான் ஆண்டுக்கு 400 பவுண் என்று வந்தது. அதுவரை பணக்காரன்தான் அரசியல் செய்யலாம். பாட்டர்சீ தொழிலாளர் தங்கள் கூலியிலிருந்து சில்லறை சேர்த்து, தங்கள் எம்.பி.யின் வீட்டு அடுப்பை எரிய வைத்தார்கள்.

அந்தச் சில்லறைக்கு என்ன நடந்தது? 1905 இறுதியில் லிபரல் அரசாங்கம் பேர்ன்ஸை அமைச்சராக்கியது. தொழிலாளி ஒருவர் பிரித்தானிய அமைச்சரவையில் உட்கார்ந்தது அதுவே முதல் தடவை. ஊரே கொண்டாடியது. ஆனால் வேலையற்றோருக்கு நிவாரணம் கேட்டு வந்த பழைய தோழர்களுக்கு அமைச்சர் பேர்ன்ஸ் கொடுத்தது பெரும்பாலும் புத்திமதி. அவர் கெட்டவர் அல்லர். 1914இல் முதலாம் உலகப் போரை ஏற்காமல் அமைச்சுப் பதவியைத் தூக்கி எறிந்த நேர்மை அவரிடம் இருந்தது. ஆனால் தன்னை அனுப்பிய இயக்கத்திலிருந்து அவர் கழன்று வெகுகாலமாகியிருந்தது. 1918இல் பாராளுமன்றத்தை விட்டே போனார்.

இரண்டாமவரைப் பற்றித்தான் உங்களோடு நிறையப் பேச வேண்டும். அவர் பெயர் ஷாபூர்ஜி சக்லத்வாலா. நம் பக்கத்து மனிதர். 1874 மார்ச் 28ஆம் திகதி பம்பாயில் ஒரு பார்ஸிக் குடும்பத்தில் பிறந்தார். தாயார் ஜேர்பாய், டாட்டா கம்பனியைத் தொடங்கிய ஜம்ஷெட்ஜி டாட்டாவின் சகோதரி. அதாவது இந்தியாவின் மிகப் பெரிய முதலாளி அவருக்குத் தாய்மாமன். மாமனுடைய கம்பனிக்காக மத்திய இந்தியாவின் காடுகளில் இரும்பும் நிலக்கரியும் தேடி அலைந்தார். பின்னாளில் ஜம்ஷெட்பூர் உருக்காலைக்கு அடித்தளமான வேலைகளில் அதுவும் ஒன்று. காட்டில் மலேரியா பிடித்தது. அதற்கு முன்பே, 1890களின் பிற்பகுதியில் பம்பாயைப் பிளேக் நோய் உலுக்கியபோது, தடுப்பூசி கண்டுபிடித்த ஹாஃப்கினோடு நிவாரண வேலை செய்தவர். நோய் ஏழையின் குடிசையை எப்படித் தேடி வருகிறது என்பதை அங்கேயே பார்த்திருந்தார்.

1905இல் உடம்பைத் தேற்றவும் கம்பனி வேலைக்காகவும் இங்கிலாந்துக்கு வந்தார். மற்லொக் என்ற ஊரின் நீர்ச்சிகிச்சை நிலையத்தில் பரிசாரகியாக வேலை செய்த சலி மார்ஷ் என்ற பெண்ணை 1907இல் மணந்தார். டாட்டா வீட்டு மருமகன் பரிசாரகியை மணப்பது அந்தக் காலத்துக்குச் சின்ன விஷயமா என்று நீங்களே யோசித்துப் பாருங்கள். 1909இல் மான்செஸ்டரில் சுயேச்சைத் தொழிற்கட்சியில் சேர்ந்தார். எழுதுவினைஞர் சங்கத்தில் அங்கத்தவரானார். முதலாம் உலகப் போர்க் காலத்தில் இந்தியத் தொழிலாளர் நலச் சங்கம் என்ற அமைப்பை லண்டனில் கட்டியவர்களில் ஒருவரானார். 1920இல் பம்பாயில் அகில இந்தியத் தொழிற்சங்கக் காங்கிரஸ் பிறந்தபோது பிரித்தானியாவில் அதன் குரலாக இருந்தது இந்தச் சங்கம்தான்.

அவர் பிரித்தானியத் தொழிலாளரிடம் சொன்ன வாதம் எளிமையானது. டண்டி நகரின் சணல் ஆலைத் தொழிலாளியே, கல்கத்தாவின் சணல் ஆலைத் தொழிலாளிக்குப் பட்டினிக் கூலி கொடுக்கும்வரை உன் கூலியும் நிலைக்காது. முதலாளி அங்கே மலிவாகச் செய்து இங்கே உன் ஆலையை மூடுவான். ஆகவே கல்கத்தாக்காரனுக்காகக் குரல் கொடுப்பதைத் தருமம் என்று நினைக்காதே, உன் சோற்றுக்காக நீ செய்யும் வேலை அது. நூறு வருடத்துக்கு முன்பே சொன்ன பேச்சு. இன்று நமது ஆடைத் தொழிற்சாலைப் பெண்களுக்கும் பங்களாதேஷ் பெண்களுக்கும் இடையில் கம்பனிகள் ஆடும் விளையாட்டைப் பார்க்கிறவர்களுக்கு இது பழைய பேச்சாகத் தோன்றாது.

1922 நவம்பரில் வட பாட்டர்சீ தொகுதி அவரைத் தொழிற்கட்சி வேட்பாளராக வெல்ல வைத்தது. அவருக்கு முன் இந்தியர் இருவர் பிரித்தானிய எம்.பி.க்களாக இருந்தார்கள்: 1892இல் தாதாபாய் நௌரோஜி, 1895இல் மஞ்சர்ஜி பாவ்நகரி. இருவரும் பார்ஸிகளே. ஒருவர் லிபரல், மற்றவர் கன்சர்வேட்டிவ். தொழிலாளர் பக்கமிருந்து போனவர் சக்லத்வாலாதான். அவருடைய தேர்தல் முகவர் யார் தெரியுமா? ஜோன் ஆர்ச்சர் என்ற கறுப்பினத்தவர். பார்படோஸிலிருந்து வந்த ஒருவரின் மகன், புகைப்படக் கலைஞர், 1913இல் பாட்டர்சீயின் மேயராகத் தெரிவானவர். வாக்களித்தவர்கள் யார்? அநேகமாக எல்லோரும் வெள்ளைத் தொழிலாளர்கள். அந்தத் தொகுதியில் அன்று இந்திய வாக்கு என்று சொல்ல ஒன்றும் இருக்கவில்லை. சொந்தக்காரன், ஊர்க்காரன், மார்க்கத்துக்காரன் என்று ஒரு வாக்குக்கூட அவருக்கு விழுந்திருக்க முடியாது. பம்பாய்ப் பார்ஸியை அந்த ஜனங்கள் "கொம்ரேட் சக்" என்று கூப்பிட்டார்கள்.

எப்படி நடந்தது? அவருடைய பேச்சுத் திறமை ஒரு காரணம். அதைவிடப் பெரிய காரணம், பாட்டர்சீயில் தொழிற்சங்கங்கள் எல்லாம் சேர்ந்து நடத்திய ஒரு கூட்டுச் சபை இருந்தது. ரயில்காரர், கட்டடத் தொழிலாளர், எழுதுவினைஞர் என்று எல்லாச் சங்கத்தின் பிரதிநிதிகளும் அதில் இருந்தார்கள். வேட்பாளரைத் தெரிந்தெடுத்தது அந்தச் சபை. வீடு வீடாகப் போனது அந்தச் சபை. வென்ற பிறகு எம்.பி.யைக் கூப்பிட்டுக் கேள்வி கேட்டதும் அதுவே. 1923 டிசம்பரில் அவர் தோற்றார். 1924இல் தொழிற்கட்சித் தலைமை அவரைப் போன்ற கம்யூனிஸ்டுகளுக்குக் கதவை மூடியது. ஆனால் உள்ளூர்ச் சபை, எங்களாளை நாங்கள் விடமாட்டோம் என்று நின்றது. 1924 ஒக்டோபரில் அவர் கம்யூனிஸ்ட் கட்சிக்காரராகவே மீண்டும் வென்றார். தலைமை கைவிட்ட ஆளைச் சங்கம் காப்பாற்றிய கதை இது.

அந்தச் சபைக்கு அவரும் உண்மையாக நடந்துகொண்டார். எம்.பி. ஆன பிறகும் டாட்டா கம்பனியில் வேலை செய்தவர், 1925இல் அதை விட்டார். மாமன் வீட்டுக் கம்பனியை விட்டு வருவதென்றால் எதையெல்லாம் விட்டு வருவது என்று விளக்க வேண்டியதில்லை. அதே வருடம் அமெரிக்காவில் நடந்த பாராளுமன்ற மாநாடொன்றுக்குப் புறப்பட்டவரின் விசாவை அமெரிக்க அரசு ரத்துச் செய்தது. 1926 மே முதலாம் திகதி லண்டன் ஹைட் பார்க்கில் பேசினார். சுரங்கத் தொழிலாளருக்காக நாடே வேலைநிறுத்தத்துக்குத் தயாராகிக்கொண்டிருந்த நேரம். படைவீரர்களே, தொழிலாளரைச் சுடச் சொன்னால் சுடாதீர்கள் என்பது பேச்சின் சாரம். சில நாட்களில் கைது. இரண்டு மாதச் சிறை. பொது வேலைநிறுத்தத்தில் முதலில் உள்ளே போனவர்களில் ஒருவர் பதவியிலிருந்த ஒரு எம்.பி.

1927இன் தொடக்கத்தில் இந்தியாவுக்கு வந்து பம்பாய், கல்கத்தா, சென்னை என்று சுற்றினார். காந்திக்கு ஒரு திறந்த மடல் எழுதினார். தொழிலாளரையும் விவசாயியையும் அமைப்பாக்குங்கள், கதர் மட்டும் போதாது, மக்கள் உங்கள் காலைத் தொட விடாதீர்கள் என்றார். காந்தி அவருடைய நேர்மையை மதித்துக்கொண்டே அவருடைய வழியை மறுத்தார். இருவரும் பகிரங்கமாகவே வாதாடினார்கள். பெரியவரிடம் பணிவோடு முரண்படுவது எப்படி என்பதற்கு அந்த மடல்கள் நல்ல பாடம். ஊருக்குத் திறந்த மடல் எழுதும் துணிச்சல் எனக்கும் அதிலிருந்துதான் வந்தது. அந்தப் பயணத்துக்குப் பிறகு பிரித்தானிய அரசு அவரை இந்தியாவுக்குள் மறுபடி விடவில்லை. பிரித்தானியப் பாராளுமன்றத்தில் உட்கார்ந்தவர் பிறந்த மண்ணை மிதிக்க முடியாமல் போனார்.

அவரை மகான் என்று தூக்கி வைக்கச் சொல்லவில்லை. 1927 ஜூலையில் தன் பிள்ளைகள் ஐவருக்கும் பார்ஸி மத முறைப்படி லண்டனில் சடங்கு செய்வித்தார். கட்சி அவரைப் பகிரங்கமாகக் கண்டித்தது. கட்சிக்காரனாகவும் குடும்பத் தலைவனாகவும் ஒரே நேரத்தில் இருந்த அந்த இழுபறி, பள்ளிவாசலுக்கும் சங்கக் கூட்டத்துக்கும் போகிற எனக்கு நன்றாகப் புரிகிறது. அரசியலில் அவர் செய்த தவறு வேறு. மொஸ்கோவிலிருந்து வந்த கட்டளைப்படி, தொழிற்கட்சியே தொழிலாளரின் எதிரி என்று பேசும் நிலைக்கு அவரது கட்சி போனது, அவரும் கூடவே போனார். பாட்டர்சீயின் கூட்டுச் சபை உடைந்தது. 1929இல் தொழிற்கட்சி தனியாக ஆள் நிறுத்தியது, அவர் தோற்றார். அதன் பிறகு எந்தத் தேர்தலிலும் வென்று பாராளுமன்றம் போகவில்லை. சங்கத்தோடு இருந்தவரை வென்றவர், சங்கம் பிளந்ததும் தோற்றார். 1936 ஜனவரி 16ஆம் திகதி லண்டனில் காலமானார். ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் பாசிசத்துக்கு எதிராகப் போராடப் போன பிரித்தானியத் தொண்டர் படையணிக்கு அவர் பெயரை வைத்தார்கள்.

இனி நம் நாட்டுக்கு வருவோம்.

நமக்கும் தொழிற்சங்கத்திலிருந்து அரசியலுக்குப் போனவர்கள் குறைவில்லை. ஏ. ஈ. குணசிங்க 1922இல் இலங்கைத் தொழிலாளர் சங்கத்தைத் தொடங்கினார். 1923இல் கொழும்பைப் பொது வேலைநிறுத்தத்தால் நிறுத்தினார். சிங்களவர், தமிழர், முஸ்லிம், மலையாளி எல்லோரும் அவர் பின்னால் நின்றார்கள். 1930களில் வேலையில்லாத் திண்டாட்டம் வந்தபோது அதே மனிதர் மலையாளித் தொழிலாளரை விரட்டச் சொல்லி மேடை ஏறினார். சங்கத்தைச் சாதியாலும் இனத்தாலும் பிளந்தவனிடம் கடைசியில் சங்கம் மிஞ்சுவதில்லை. அவருக்கும் அதுதான் நடந்தது.

தஞ்சாவூரிலிருந்து வந்த கோ. நடேசய்யர் மறுபக்கம். குணசிங்கவோடு சேர்ந்து வேலை செய்தவர், பிறகு பிரிந்து மலையேறினார். தோட்டத்துக்குள் வெளியாள் நுழையவே முடியாத காலத்தில், மனைவி மீனாட்சி அம்மாளோடு சேர்ந்து தோட்டத் தொழிலாளரை அமைப்பாக்கினார். மீனாட்சி அம்மாள் பாடிச் சேர்த்த கூட்டம் சாதாரணமானதல்ல. 1936இல் நடேசய்யர் ஹட்டனிலிருந்து அரசாங்க சபைக்குத் தெரிவானார்.

மலையகத்தின் கதையை இன்னும் கொஞ்சம் தள்ளிப் பாருங்கள், என் வாதத்துக்கு அதைவிடப் பெரிய ஆதாரம் இல்லை. 1947 தேர்தலில் தோட்டத் தொழிலாளரின் இலங்கை இந்தியக் காங்கிரஸ் பல ஆசனங்கள் எடுத்தது. மறுவருடமே பிரஜாவுரிமைச் சட்டம் வந்தது. அடுத்த தேர்தலில் மலையக மக்களில் பெரும்பாலோருக்கு வாக்கே இல்லை. அந்த எம்.பி.க்களால் அதைத் தடுக்க முடியவில்லை. ஆசனம் போனது, வாக்குப் போனது, 1964 இந்திய-இலங்கை ஒப்பந்தத்தின் பேரில் லட்சக்கணக்கானோரை இந்தியாவுக்குக் கப்பலேற்றினார்கள். எஞ்சியது என்ன? தோட்டத்துக் கமிட்டி, தலைவர், மாதச் சந்தா என்ற அமைப்பு. அந்தச் சங்கங்களைப் பற்றி ஆயிரம் குறை சொல்லலாம், நானே சொல்வேன். ஆனால் வாக்கில்லாத மக்கள் கூலியைப் பேசவும், வேலையை நிறுத்தவும், 1988இலும் 2003இலும் சட்டம் மூலம் பிரஜாவுரிமையைத் திரும்ப வாங்கவும் அந்த அமைப்பே கையில் இருந்த பலம். ஆசனத்தை ஒரே சட்டத்தால் பறிக்க முடிந்தது. சங்கத்தைப் பறிக்க முடியவில்லை.

இப்போது பாலாவிச் சந்தியில் நின்று கொஞ்சம் சுற்றிப் பாருங்கள். ஒரு பக்கம் சிமெந்து ஆலை. அறுவாக்காட்டிலிருந்து சுண்ணாம்புக் கல் ரயிலில் வருகிறது. கற்பிட்டிப் பாதையில் திரும்பினால் உப்பளம், இறால் பண்ணை, தோட்டம், அப்பால் 900 மெகாவாட் நுரைச்சோலை. நாட்டுக்கே மின்சாரமும் சிமெந்தும் உப்பும் கொடுக்கிற கரை இது. 2025இல் மழையால் உப்பு விளைச்சல் கெட்டபோது, நாடே கடையில் உப்புத் தேடி அலைந்ததும் இந்தியாவிலிருந்து உப்பு வந்ததும் உங்களுக்கு ஞாபகம் இருக்கும். அன்று எல்லோரும் உப்பின் விலையைப் பேசினார்கள். உப்பு வாருகிறவளின் கூலியை எந்தத் தொலைக்காட்சியும் பேசியதாக எனக்கு நினைவில்லை.

அவள் வேலை எப்படியென்று வெளியூர்க்காரருக்குத் தெரியாது, நமக்குத் தெரியும். வெயில் ஏறுமுன் பாத்தியில் இறங்க வேண்டும். பலகையால் உப்பை வாரி வரம்போரம் குவித்து, தண்ணீர் வடியவிட்டு, கூடையில் அள்ளித் தலையில் சுமந்துபோய்க் கொட்ட வேண்டும். அந்தக் குவியலைக் கிடுகால் மூட வேண்டும். காலில் ஒரு சின்னக் கீறல் இருந்தால் போதும், அன்று முழுவதும் உப்பு அதைத் தின்னும். பத்து மணிக்குப் பிறகு வெள்ளைப் பரப்பிலிருந்து எழும் வெளிச்சம் கண்ணைத் திறக்க விடாது. ஒரு மழை பெய்தால் வேலை இல்லை, வேலை இல்லையென்றால் கூலியும் இல்லை. என் உம்மா அந்தக் கூலியில்தான் எங்களைப் படிக்க வைத்தார். அவருடைய பாத்தியில் சிங்களப் பெண்களும் கத்தோலிக்கத் தமிழ்ப் பெண்களும் வேலை செய்தார்கள். எல்லோருக்கும் ஒரே கூலி, ஒரே புண். தேர்தல் வந்தால் மட்டும் மூன்று தரப்பும் மூன்று மேடைக்குப் போய்விடும்.

என் மச்சான் ஒருவர் மேன்பவர் ஏஜன்சி ஒன்றின் மூலம் வருடக்கணக்காக வேலை செய்தார். பெயர் வேண்டாம். சம்பளத்தில் சேமலாப நிதிக்கு என்று வெட்டினார்கள், சம்பளச் சீட்டுக் கொடுக்கவில்லை. கடைசியில் பார்த்தால் அவருடைய கணக்கில் பாதிக்கும் மேற்பட்ட மாதங்களுக்குக் காசே விழவில்லை. 1958ஆம் ஆண்டின் ஊழியர் சேமலாப நிதிச் சட்டம் தெளிவாகச் சொல்கிறது: தொழிலாளியிடமிருந்து 8 வீதம், முதலாளியிடமிருந்து 12 வீதம். தொழில் திணைக்களத்துக்குப் போய் முறைப்பாடு செய்யலாம். மச்சான் தனியாகப் போனார், திரும்பி வந்தார், மறுபடி போனார், பிறகு விட்டுவிட்டார். தனி மனிதனின் கோவை மேசையில் கிடக்கும். இருநூறு பேரின் கோவையை யாரும் அப்படிக் கிடக்க விடமாட்டார்கள்.

எங்கள் பஸ் கராஜில் என்ன நடக்கிறதென்று சொல்கிறேன். ஒரு சாரதி மேல் புகார் வந்தால் முகாமையாளரின் அறைக்குக் கூப்பிடுவார்கள். சாரதி தனியாகப் போவதில்லை. கூடவே சங்கப் பிரதிநிதி போவார். அவரும் எங்களைப் போல ஒரு சாரதிதான், கையில் ஒரு கோப்பு. கமராப் பதிவைக் காட்டுங்கள் என்பார். அன்றைய நேர அட்டவணையைக் கொண்டு வாருங்கள் என்பார். இவர் சாப்பாட்டு இடைவேளை எடுத்தாரா என்று கேட்பார். விசாரணைக்குத் துணையோடு போகும் உரிமையை 1999ஆம் ஆண்டின் சட்டம் கொடுத்தது. அந்தச் சட்டத்தைப் பாராளுமன்றத்தில் கைதூக்கி நிறைவேற்றியவர்கள் எம்.பி.க்கள்தான். ஆனால் அதைக் கேட்டு வாங்கியது சங்கங்கள், தினம் தினம் உயிரோடு வைத்திருப்பது கோப்போடு வரும் அந்தச் சாரதி. எம்.பி. முக்கியமில்லை என்று நான் சொல்லவில்லை. வரிசை முக்கியம் என்கிறேன்.

நம் ஊரில் சேர்ந்து நிற்கத் தெரியாது என்று யாரும் சொல்லக் கூடாது. கொழும்புக் குப்பையை அறுவாக்காட்டில் கொட்டுவதற்கு எதிராக 2018, 2019இல் புத்தளம் எத்தனை மாதம் தெருவில் நின்றது! முஸ்லிம், சிங்களவர், தமிழர், மௌலவி, பாதிரியார், பிக்கு எல்லோரும் நின்றார்கள். 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து உடுத்த துணியோடு விரட்டப்பட்டு வந்த ஆயிரமாயிரம் முஸ்லிம் குடும்பங்களுக்குப் பாலாவி வாசல் திறந்தது. பிறகு தண்ணீருக்கும் பள்ளிக்கூட இடத்துக்கும் வேலைக்கும் "ஊரார்", "அகதி" என்று பேச்சு வந்தது என்பதும் உண்மை. அந்த மக்கள் வாக்குப் போட மன்னாருக்குப் பஸ்ஸில் போனபோது, 2019 நவம்பர் 16ஆம் திகதி தந்திரிமலையில் அந்த பஸ்களைக் கல்லாலும் துப்பாக்கியாலும் தாக்கினார்கள். வாக்குக்காக உயிரைப் பணயம் வைத்துப் பயணம் போகிற மக்கள் நாங்கள். அந்தத் தீவிரத்தில் பாதியையாவது வேலைத்தளத்தில் காட்டினால் என்ன?

சட்டம் தடையாக இல்லை. 1935ஆம் ஆண்டின் தொழிற்சங்கக் கட்டளைச் சட்டத்தின்படி ஏழு பேர் கையெழுத்திட்டால் சங்கத்தைப் பதிவு செய்யக் கேட்கலாம். ஒரு வேலைத்தளத்தில் 40 வீதம் பேர் அங்கத்தவரானால் முதலாளி அந்தச் சங்கத்தை அங்கீகரித்துப் பேச வேண்டும் என்று கைத்தொழில் பிணக்குகள் சட்டத்தின் 1999ஆம் ஆண்டுத் திருத்தம் சொல்கிறது. ஏழு பேரில் தொடங்கி நாற்பது வீதம் வரை போவதுதான் வேலை. அதில் தேர்தல் மேடையின் பளபளப்பு எதுவும் இல்லை.

உங்கள் மறுப்புகள் எனக்குத் தெரியும். "யூனியன் என்றால் கட்சிக்காரனின் வால்" என்பீர்கள். பல இடங்களில் அப்படித்தான் இருக்கிறது. அதற்கு மருந்து, சந்தாவை அங்கத்தவரே கட்டி, கணக்கை அங்கத்தவர் முன்னாலேயே வாசிப்பது. கட்சியின் காசில் நடக்கும் சங்கம் கட்சியின் சொல்லைத்தான் கேட்கும். "வேலையை விட்டுத் தூக்கிவிடுவான்" என்பீர்கள். அந்தப் பயம் நியாயமானது. அதனால்தான் ஒரே வேலைத்தளத்தில் ஒருவர் இருவராக ஆரம்பிக்காமல், உப்பளம், இறால் பண்ணை, மேன்பவர் தொழிலாளர் என்று சந்தியைச் சுற்றியுள்ள எல்லோரையும் சேர்த்த ஒரு சங்கமாக ஆரம்பியுங்கள் என்கிறேன். "பொம்பிளைகள் கூட்டத்துக்கு வரமாட்டார்கள்" என்று யாராவது சொன்னால், உப்பளத்தில் யார் வேலை செய்கிறார்கள் என்று ஒருதரம் எட்டிப் பார்க்கச் சொல்லுங்கள். கூட்டத்தை அவர்களுக்கு வசதியான நேரத்தில், வசதியான இடத்தில் வையுங்கள். செயற்குழுவில் பாதி இடம் அவர்களுக்கு.

அதன் பிறகு ஆளைத் தெரிந்தெடுங்கள். அவர் முஸ்லிமாக இருக்கலாம், தமிழராக இருக்கலாம், சிங்களவராக இருக்கலாம். வெள்ளைத் தொழிலாளர் ஒரு பார்ஸியை அனுப்ப முடிந்தால் நமக்கு ஏன் முடியாது? அவரிடம் கேட்க வேண்டிய கேள்விகள் சில. உங்கள் வீட்டில் வேலை செய்பவருக்குச் சேமலாப நிதி கட்டுகிறீர்களா? தேர்தல் செலவுக்குக் காசு கொடுத்தவர்கள் யார் யார்? மாதம் ஒரு தடவை சந்தியில் வந்து நின்று பதில் சொல்வீர்களா? கட்சித் தலைமை ஒன்றும் சங்கம் இன்னொன்றும் சொன்னால் யார் பக்கம் கை தூக்குவீர்கள்? கடைசிக் கேள்விக்கு வரும் பதிலிலேயே அவர் பேர்ன்ஸா சக்லத்வாலாவா என்று தெரிந்துவிடும்.

கடைசியாகக் காசு விஷயம். இலங்கையில் எனக்கு வாக்குப் போட வேண்டுமானால் விமானம் ஏறி வர வேண்டும். வெளிநாட்டிலிருந்தே வாக்களிக்க வழி இல்லை. வாக்கில்லாத நாங்கள், வாக்குள்ள உங்களுக்கு யாரை நிறுத்துவது என்று காசால் தீர்மானிப்பது முறையல்ல. ஆகவே போஸ்டருக்கும் பிரியாணிக்கும் வாகன ஊர்வலத்துக்கும் எங்களிடமிருந்து ஒரு சதமும் வராது. இங்குள்ள பாலாவிப் பிள்ளைகள் சிலர் கூடிப் பேசி எடுத்த முடிவு இது. ஆனால் சங்கத்துக்கு ஓர் அறை, ஒரு மேசை, சேமலாப நிதிக் கோவைகளைப் பார்க்க மாதம் இரண்டு நாள் வரும் ஒரு சட்டத்தரணியின் கட்டணம், இவற்றை முதல் இரண்டு வருடம் நாங்கள் ஏற்கிறோம். அதற்குப் பிறகு உங்கள் சந்தாவில் அது நடக்க வேண்டும். நாங்கள் எந்தப் பதவியும் கேட்கமாட்டோம், எந்த ஆளையும் கைகாட்டமாட்டோம்.

உங்களிடம் கேட்பது ஒன்றே. மூன்று சமூகத்தையும் சேர்ந்த, அதில் மூன்று பேராவது பெண்களாக உள்ள, ஏழு பேரின் பெயரை எழுதி அனுப்புங்கள். அது வந்த வாரத்திலேயே காசு வரும்.

அன்புடன்,
உங்கள் ஊர்ப் பிள்ளை,
லண்டன்.